வளையல் ஏறாத கை

அன்று காலையில் வெயில் பளீரென்று அடித்தது. அத்தை கூழ் கிண்டி இறக்கிவிட்டு, வற்றல் ஊற்றுவதற்காக மேலே மொட்டை மாடித் தட்டட்டியில் பழைய வேட்டி ஒன்றை விரித்துக்கொண்டிருந்தாள். நான் அந்த வீட்டுக்கு மருமகளாக வந்து ஒரு மாதம்கூட ஆகியிருக்காது. கூழ்ச் சட்டியைத் தூக்கிக்கொண்டு படியேறிப் போனவள், மேற்கே பார்த்ததும் வாய் தவறிச் சொல்லிவிட்டேன்.

"அத்தை, இன்னைக்கு மழை வந்துரும்."

அத்தை அண்ணாந்து பார்த்தாள். "ஒரு பொட்டு மேகத்தக் காணோம். மழை எங்கேருந்து வரும்? ஒங்க கடையத்துல இருந்து வண்டி கட்டிட்டு வருதாக்கும்?"

மத்தியானம் சாப்பிட்ட இலையை எடுக்குமுன் மழை கொட்டியது. அத்தை ஓடிப்போய் வேட்டியைச் சுருட்டிக்கொண்டு இறங்கினாள். கூழெல்லாம் கரைந்து அவள் முழங்கை வழியாக வழிந்தது. அவள் மேகத்தைத் திட்டவில்லை. என்னைத்தான் பார்த்தாள்.

இதில் என் கெட்டிக்காரத்தனம் ஒன்றும் இல்லை. மலை பக்கத்தில் வந்து நிற்பதுபோல் தெரிந்தால் மழை வரும். அன்று மலையில் ஒவ்வொரு மரமாகப் பார்க்கலாம்போல் இருந்தது. கடையத்தில் நான் பிறந்த வீட்டிலிருந்து பார்த்தாலும் அதே மலைதான். அத்தையும் பிறந்தது முதல் அதைப் பார்த்தவள்தான். ஆனால் அன்று அவளுக்குக் கூழ் நினைப்பு. எனக்குச் செய்ய ஒன்றும் இல்லை, மலையைப் பார்த்தேன்.

எனக்குச் சின்ன வயதிலிருந்தே அதிகம் பேச்சு வராது. அஞ்சாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை நிறுத்திவிட்டார்கள். நாலு பேர் கூடிய இடத்தில் தூணோடு தூணாக நிற்பேன். பேசாமல் நிற்கிறவள் வேறு என்ன செய்வாள், பார்த்துக்கொண்டிருப்பாள். வெகுநேரம் பார்த்த பிறகு ஒன்று சொன்னால் அது பெரும்பாலும் சரியாகத்தான் இருக்கும். நிறையப் பேசுகிறவர்கள் பத்துச் சொல்லி எட்டுத் தப்பாகப் போனாலும் யாரும் கணக்கு வைப்பதில்லை. நான் சொல்வது எப்போதோ ஒன்று. அது நடந்துவிட்டால் வீடு முழுக்க ஞாபகம் வைத்துக்கொள்ளும்.

ஆனி மாதம் சாரல் தொடங்கிவிட்டால் தென்காசியில் விருந்தாளி இல்லாத வீடு இருக்காது. எல்லாருக்கும் குற்றாலத்தில் குளிக்க வேண்டும். அந்த வருஷம் திருநெல்வேலியிலிருந்து அத்தையின் அண்ணன் குடும்பத்தோடு வந்தார். அவரை நாங்கள் பெரியமாமா என்போம். அருவிக்குப் போகிறவர்கள் வீட்டிலேயே உச்சி முதல் உள்ளங்கால் வரை நல்லெண்ணெய் தேய்த்துக்கொண்டு வண்டி ஏற வேண்டும் என்பது அவர் சட்டம். அங்கே போய்த் தேய்த்துக்கொண்டிருந்தால் நேரமாகும், பாறை வழுக்கும் என்பார். ஆணும் பெண்ணும் பிள்ளைகளுமாக எல்லாரும் எண்ணெய் மினுங்க முற்றத்தில் நின்றார்கள். நான் இன்னும் கொஞ்சம் எண்ணெய் கொண்டுபோய்க் கொடுத்தேன். வீட்டுக்குப் பின்னால் வாய்க்காலில் விடிகாலையிலேயே தண்ணீர் செம்மண் நிறத்தில் மரப்பட்டையும் இலையுமாக வந்ததைப் பார்த்திருந்தேன். மேலே காட்டில் பெருமழை பெய்திருக்கிறது.

"இன்னைக்கு அருவிப் பக்கத்துல நிக்க முடியாது மாமா" என்றேன்.

பெரியமாமா சிரித்தார். "நீ புதுசு தாயி. நான் பேரருவியில குளிக்க ஆரம்பிச்சப்ப ஒங்க அப்பாவுக்கே கல்யாணம் ஆயிருக்காது."

வண்டிகள் போயின. மத்தியானத்துக்குள் திரும்பியும் வந்தன. போனது போலவே எல்லாரும் எண்ணெயும் தலையுமாக இறங்கினார்கள். அருவி பாறையைத் தாண்டிக் கொட்டுகிறதாம், யாரையும் கிட்டேயே விடவில்லையாம். நான் வெந்நீர் அடுப்பை மூட்டினேன். கிணற்றடியில் ஒவ்வொருவராகக் குளித்து முடிக்கச் சாயங்காலம் ஆகிவிட்டது. பெரியமாமா கண்ணில் சீயக்காய் விழுந்து, சிவந்த கண்ணோடு என்னைப் பார்த்துச் சொன்னார்:

"ஏட்டி, நீ வாய வச்சிருக்காட்டா நாங்க குளிச்சிட்டு வந்திருப்போம்."

 அடுப்பங்கரையிலிருந்து என் ஓரகத்தியின் குரல் வந்தது. என் வீட்டுக்காரரின் அண்ணன் மனைவி. நான் அக்கா என்று கூப்பிடுவேன். "அவ வாய வச்சா அருவியில தண்ணி கூடுதுன்னா, சித்திரையில கொஞ்சம் வைக்கச் சொல்லுங்க மாமா. ஊருக்குப் புண்ணியமாப் போவும்."

எல்லாரும் சிரித்துவிட்டார்கள், பெரியமாமாவும்தான். ஆனால் அன்றோடு எனக்கு அந்தப் பெயர் விழுந்துவிட்டது. கரிநாக்கு. சொன்னது பலிக்கிற வாய். நல்லதைச் சொன்னால் பலிக்கும் என்று யாரும் எடுத்துக்கொள்வதில்லை, கெட்டதுக்குத்தான் அந்தப் பெயர். வீட்டிலிருந்து யாராவது ஒரு காரியமாகக் கிளம்பினால் அத்தை என்னை ஏதாவது வேலை சொல்லிப் பின்கட்டுக்கு அனுப்புவாள். பெண் பார்க்கப் போகிறவர்கள், வழக்குக்குப் போகிறவர்கள் எங்கள் வாசலைக் கடக்கும்போது என்னைப் பார்த்துவிட்டால் ஒரு அசட்டுச் சிரிப்புச் சிரிப்பார்கள். ஏதாவது சொல்லித் தொலைத்துவிடுவேனோ என்று பயம்.

என் வீட்டுக்காரர் அதிகம் பேசமாட்டார். ஒருநாள் வெற்றிலை போட்டுக்கொண்டே எனக்கு ஒரு வழி சொன்னார். "நீ அடிச்சுச் சொல்லுத பாரு, அதான் ஆளுகளுக்குப் பிடிக்கல. கடைசியில ஒரு 'என்னமோ' சேத்துக்கோ. மழை வருமோ என்னமோ, பால் திரிஞ்சிருக்குமோ என்னமோ. அப்படிச் சொன்னா யாரும் ஒன்னப் பிடிச்சுக்க முடியாது."

அன்று முதல் என் பேச்சில் 'என்னமோ' வந்து ஒட்டிக்கொண்டது. பால் திரிந்து கட்டியாக நிற்கும், நான் திரிஞ்சிருக்குமோ என்னமோ என்பேன். அக்கா சட்டிக்குள் எட்டிப் பார்த்துவிட்டு, "இல்லட்டி, இது நல்ல பாலுதான், கொஞ்சம் வெக்கப்படுது" என்பாள்.

அக்காவுக்குக் கரிநாக்கு, கண்ணேறு எதிலும் நம்பிக்கை கிடையாது. சத்தமாகப் பேசுவாள், சத்தமாகச் சிரிப்பாள். அந்த வீட்டில் சிரிப்பு என்று இருந்ததெல்லாம் அவளுடையதுதான். அவளுக்கு இரண்டு தடவை தங்காமல் போயிருந்தது. இரண்டாவது நிறைமாதத்துக்குக் கிட்டத்தில் போனது. மறுபடி உண்டானபோது அவள் யாரிடமும் சொல்லவில்லை. குடத்தை இடுப்பில் வைக்காமல் இரண்டு கையாலும் தூக்கியதிலிருந்தே எனக்கு முன்னமே தெரியும். நானும் சொல்லவில்லை.

ஏழாம் மாதம், ஆவணியில் வளைகாப்பு வைத்தார்கள். அன்று காலையில் அத்தை அடுப்பங்கரைக்கு வந்து, வேலை ஒன்றும் இல்லாமலே பானை மூடிகளை எடுத்து எடுத்து வைத்தாள். பிறகு என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்: "நீ அடுப்பப் பாத்துக்கோ. முன்னால வராண்டாம். வந்தாலும் ஒண்ணும் சொல்லிராத."

எனக்கு அழுகை வந்தது, ஆனால் கோபம் வரவில்லை. இரண்டு பிள்ளையைப் பறிகொடுத்த வீடு. அத்தைக்கு எதைக் கண்டாலும் பயம். என்னை அடுப்பங்கரையில் வைப்பது அவளால் முடிந்த ஒரு காவல்.

அங்கிருந்து கதவிடுக்கு வழியாக முன்கட்டு தெரியும். அக்கா மணையில் உட்கார்ந்திருந்தாள். பல வருஷமாக எங்கள் வீட்டுப் பெண்களுக்கு வளையல் போடுகிறவர் அவள் எதிரே வளையல் சரத்தை வைத்துக்கொண்டிருந்தார். அவர் அவள் கையைப் பிடித்து அழுத்திப் பார்த்தார், மறுபடி பார்த்தார்.

"இந்தக் கைக்கு நான் கண்ண மூடிட்டு வளையல் எடுப்பேனே. இன்னைக்கு என்ன, கணுவுலயே நிக்குது?"

"பிள்ளத்தாச்சி பூரிச்சுப் போயிருக்கா, வேற என்ன" என்றாள் ஒருத்தி.

"உள்ள ராசா கணக்கா ஆம்பளப் பிள்ள கெடக்கான். அதான் ஆத்தாகாரி உடம்பு மினுமினுக்குது" என்றாள் இன்னொருத்தி.

எல்லாருக்கும் சந்தோஷம். போன இரண்டு தடவையும் அக்கா வாடி வதங்கித்தான் இருந்தாள். இந்தத் தடவை கையில் ஏறாமல் வளையல் நிற்கிறது என்றால் பிள்ளை நன்றாக ஊறுகிறது என்று அர்த்தமாம். குலவை போட்டார்கள். வளையல்காரர் சரத்திலிருந்து பெரிய அளவைத் தேடி எடுத்தார். அத்தை முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

நான் அக்காவின் காலைப் பார்த்தேன். மெட்டி விரல் சதைக்குள் புதைந்து, வெள்ளி விளிம்பு மட்டும் கோடு போலத் தெரிந்தது.

கடையத்தில் என் சித்தி ஒருத்தி இருந்தாள். அவளும் இப்படித்தான் பூரித்தாள். அவள் கையிலும் வளையல் ஏறவில்லை. அப்போதும் எல்லாரும் சிரித்தார்கள். தலை வலிக்கிறது, கண்ணுக்கு முன்னால் பூச்சி பறக்கிறது என்று சித்தி சொல்லிக்கொண்டிருந்தாள். பிறகு ஜன்னி கண்டு, பிள்ளையும் தங்காமல் அவளும் தங்காமல் போனாள். நான் சின்னப் பெண், அவள் பக்கத்திலேயே இருந்தேன்.

அன்று பொங்கலைக் கிண்டிக்கொண்டே, நான் பார்த்தது தப்பாக இருக்கட்டும் என்று தெரிந்த சாமியையெல்லாம் கும்பிட்டேன். சொன்னால், நான் சொன்னதால்தான் வந்தது என்பார்கள். அதைக்கூடத் தாங்கிக்கொள்ளலாம். சொல்லாமல் இருந்து அக்கா போய்விட்டால் அந்த வீட்டில் யார் சிரிப்பார்கள்?

மறுநாள் காலையில் அக்காவே கிணற்றடிக்கு என்னைக் கூப்பிட்டாள். "மெட்டி கடிக்குதுட்டி. கொஞ்சம் எண்ணெய் விட்டுத் தளத்தி விடேன்."

அவள் காலை மடியில் எடுத்து வைத்துக்கொண்டேன். கணுக்காலுக்கு மேலே கட்டைவிரலால் அழுத்தினேன். பிசைந்த மாவில் அழுத்தினதுபோல் குழி விழுந்தது. விரலை எடுத்த பிறகும் குழி அப்படியே இருந்தது.

"தல வலிக்குதாக்கா?"

"வலிக்குது."

"கண்ணுக்கு முன்னால பூச்சி பறக்குதா?"

"பறக்குது. ஒனக்கு எப்படித் தெரியும்?"

நான் மெட்டியில் எண்ணெய் விட்டேன்.  "டாக்டரம்மாகிட்ட ஒரு நடை காட்டினா நல்லதோ என்னமோ" என்றேன்.

அக்கா காலை இழுத்துக்கொண்டு குனிந்து என் முகத்தைப் பார்த்தாள். "அந்த என்னமோவ எடுத்துட்டுச் சொல்லு."

"காட்டாட்டா நீங்க பொழைக்க மாட்டீங்கக்கா."

 துவைகல்லில் ஒரு காக்கை வந்து உட்கார்ந்தது, போனது. பிறகு அக்கா மெதுவாகக் கேட்டாள். "இத அத்த கேட்டா ஒன்ன இந்த வீட்டுலயே வச்சுக்க மாட்டாவ, தெரியுமா?"

"தெரியும்."

"தெரிஞ்சுமா சொன்ன?"

அதற்குமேல் எனக்கு முடியவில்லை, அழுதேன். "அழாதட்டி. நீ அழுதா எனக்குப் பயமா இருக்கு" என்று என் தலையைப் பிடித்துத் தன் முழங்காலில் சாய்த்துக்கொண்டாள். அவள் கையில் புது வளையல்கள் இறுக்கமாக, சத்தமே இல்லாமல் இருந்தன. "ஒன் வீட்டுக்காரர வண்டி கட்டச் சொல்லு. எனக்குக் குத்தாலநாதரக் கும்பிடணும்னு ஆசையா இருக்குன்னு அத்தகிட்ட நான் சொல்லிக்கிடுதேன்."

அக்காவின் வீட்டுக்காரர் நெல் வாங்கச் சுரண்டைக்குப் போயிருந்தார். என் வீட்டுக்காரரிடம் விஷயத்தைச் சொன்னேன். ஒரு கேள்வி கேட்கவில்லை. வண்டிக்குள் வைக்கோலை மெத்தைபோல் பரப்பி அதன்மேல் ஜமுக்காளம் விரித்தார். பள்ளம் கண்ட இடத்திலெல்லாம் இறங்கி மாட்டைப் பிடித்து நடத்தினார். குற்றாலம் ரோட்டுக்குத் திரும்பாமல் ஆஸ்பத்திரிப் பக்கம் திருப்பினார்.

டாக்டரம்மா திருவனந்தபுரத்துப் பக்கத்துக்காரி. அவள் அக்காவின் காலை அழுத்திப் பார்த்தாள், நான் அழுத்தின அதே இடத்தில். கண் இமையைத் தூக்கிப் பார்த்தாள். சிறுநீரை வாங்கிச் சூடு காட்டிப் பார்த்தாள். பிறகு அவள் குரல் மாறிவிட்டது. "இன்னு முதல் உப்பு வேண்டா. நடக்கண்டா. கட்டில்லேயே கிடக்கணும், கொறச்சு நாள் கழிஞ்சா இவிடத் தன்னே கொண்டு வரணும்" என்றாள். மலையாளம் கலந்து பேசினாலும் எங்களுக்கு நன்றாகப் புரிந்தது: உப்பும் நடையும் கூடாது, படுத்தே இருக்க வேண்டும், கொஞ்ச நாள் கழித்து அங்கேயே கொண்டுவந்து சேர்க்க வேண்டும்.

திரும்பும்போது அக்கா வண்டியில் படுத்துக்கொண்டே திட்டம் போட்டாள். "நீ வாயே தெறக்கக் கூடாது. எல்லாம் நான் பாத்துக்கிடுதேன்."

வீட்டுக்கு வந்ததும் அவள் அத்தையிடம் சொன்னாள்: "சாமி கும்பிட்டுத் திரும்பி வாறப்ப எனக்கே காலு கனமா இருந்துச்சு அத்த. என்னமோ மனசு சரியில்ல. நான்தான் ஆஸ்பத்திரியில வண்டிய நிறுத்தச் சொன்னேன். நல்ல வேளைன்னு டாக்டரம்மா சொன்னாவ."

அத்தை அவளைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "மூத்தவளுக்கு ஆண்டவன் நல்ல புத்தியக் குடுத்திருக்கான்" என்று சொல்லிவிட்டு உப்பில்லாத கஞ்சி வைக்கப் போனாள். அந்தப் புத்தி ஊரெல்லாம் அக்காவுடைய புத்தியாகப் பேசப்பட்டது. நான் நினைத்தது சரியாக இருந்தும் ஒருவரும் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. அது எனக்கு எவ்வளவு பெரிய நிம்மதி என்று சொல்ல முடியாது. அக்கா அதை எனக்காகத் தன் தலையில் தூக்கி வைத்துக்கொண்டாள்.

எட்டாம் மாதத்தில் அக்காவை ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். டாக்டரம்மாவே மருந்து கொடுத்து வலி வரவைத்தாள். அக்கா பிழைத்துக்கொண்டாள். பிள்ளை பெண். உள்ளங்கை இரண்டையும் சேர்த்து வைத்தால் அடங்கிவிடும் போல அவ்வளவு சின்னது. வீட்டுக்குக் கொண்டுவந்த பிறகு சுளகு என்கிற முறத்தில் பஞ்சைப் பரப்பி, பழஞ்சீலையைச் சுற்றி அதில் கிடத்தினோம். எட்டாம் மாதப் பிள்ளை தங்காது என்பது அப்போது எல்லாருடைய நம்பிக்கையும். பார்க்க வந்தவர்கள் சுளகை எட்டிப் பார்ப்பார்கள், தண்ணீர்கூடக் குடிக்காமல் போய்விடுவார்கள். பிள்ளை இரண்டு வாய் பால் குடிக்கும், குடிப்பதை மறந்து தூங்கிவிடும்.

ஒருநாள் காலையில் நான் பால் புகட்டுகிற பாலாடையைக் கழுவி எடுத்துக்கொண்டு உள்ளே போனேன். அக்கா சுளகைப் பார்த்தபடி சுவரில் சாய்ந்திருந்தாள். தலை பின்னாமல் கிடந்தது. என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஏட்டி, இவ தங்குவாளா?"

நான் பாலாடையைக் கீழே வைத்தேன்.

"நீ சொன்னா நடக்கும்னுதான எல்லாரும் சொல்லுதாவ. தங்குவான்னு ஒரு வார்த்த சொல்லு. ஒனக்கு என்ன கொறஞ்சு போவுது? சொல்லு."

கரிநாக்கு என்று சொன்னவர்களையெல்லாம் கேலி பண்ணினவள், அதே நாக்கிலிருந்து ஒரு சொல் கேட்கிறாள். தங்குவா என்று சொல்லிவிடலாம். என் வாயில் அது வரவில்லை. பிள்ளையைப் பார்த்தேன். ஒரு நேரம் நிறம் தேறும், ஒரு நேரம் உதடு நீலம் பாய்ந்து பயமுறுத்தும். எவ்வளவு பார்த்தாலும் எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை.

"தெரியலக்கா" என்றேன்.

அக்கா அழுதாள். நானும் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். கொஞ்ச நேரம் கழித்து மூக்கை உறிஞ்சிக்கொண்டு அவள் கேட்டாள்: "நெசமாவே தெரியலையா?"

"நெசமாவே தெரியல."

"ஒனக்கே தெரியலன்னா இன்னும் ஒண்ணும் முடிவாகல. அப்படித்தான?"

"அப்படித்தான்."

"அது போதும்" என்று முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

நிமிர்ந்தபோது அத்தை கதவருகே நின்றுகொண்டிருந்தாள். எவ்வளவு நேரமாக நின்றாளோ தெரியாது. நான் அவசரமாக எழுந்தேன்.

"எங்க எந்திரிக்க? இரி."

உட்கார்ந்தேன். அத்தை குனிந்து சுளகிலிருந்து பிள்ளையைப் பஞ்சோடு எடுத்து என் மடியில் வைத்தாள். "ஒண்ணும் சொல்லாத. சும்மா வச்சுக்கோ. சுளகவிட ஒன் மடி சூடா இருக்கும்."

 அத்தை தானும் எங்கள் பக்கத்தில் உட்கார்ந்து காலை நீட்டிக்கொண்டாள். பிறகு சுவரைப் பார்த்துப் பேசுவதுபோல் பேசினாள்.

"சாரலுக்குள்ள குத்தாலம் போயிட்டு வந்தவளுகளுக்கு முந்தியில ஒரு பொட்டு ஈரம் வேண்டாமா? கோயிலுக்குப் போனவளுகளுக்கு நெத்தியில துன்னூறு வேண்டாமா? எனக்குக் கண்ணு அவிஞ்சு போச்சுன்னு நெனச்சீங்களாக்கும்."

அக்காவுக்கு வாயடைத்துவிட்டது. அவளுக்கு வாயடைத்து நான் பார்த்தது அன்றுதான். "தெரிஞ்சும் ஏன் அத்த கேக்கல?" என்றாள் கடைசியில்.

"கேட்டா நீங்க சொல்லணும். சொன்னா நான் இவள ஏசணும். ஏசிட்டா இவ வாய மூடிருவா." அத்தை என் முழங்காலில் ஒரு தட்டுத் தட்டினாள். "பெறவு என் வீட்ட யாரு பாப்பா?"

அந்தப் பிள்ளை தங்கினாள். பெரியவளாகி, அவள் அம்மா மாதிரியே சத்தமாகப் பேசி, கல்யாணமாகி ஆய்க்குடிக்குப் போய் நாலு பிள்ளை பெற்றாள். ஆனால் அன்று காலையில் எங்கள் மூவரில் யாருக்கும் அது தெரியாது. பிள்ளை என் வயிற்றோடு ஒட்டிக்கொண்டு தூங்கியது. ஜன்னல் வெளிச்சம் அதன் காதில் விழுந்தது. காது மடல் ஓரத்தில் இலேசாகச் சிவப்பு ஊறியிருந்தது. முந்தின நாள் அப்படி இல்லை. நான் அதை வாயால் சொல்லவில்லை. தலையைத் தூக்கினால் அத்தையும் அந்தக் காதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.